பால்கன் நாடுகளுக்குச் சிறு குழுவோடு: ஊருக்கு ஒரு வழிகாட்டி இருக்கிறாரா என்று முதலில் பாருங்கள்

பால்கன் பக்கம் போய் வந்ததிலிருந்து தெரிந்தவர்கள் கேட்பது ஒன்றுதான்: தனியாகவே போகலாமே, டூர் கம்பெனிக்கு எதற்குக் காசு? நியாயமான கேள்வி. பாரிசுக்கோ வியன்னாவுக்கோ யாரையும் நான் குழுவில் சேரச் சொல்ல மாட்டேன். ரயில் ஏறினால் ஊர் வந்துவிடும். பால்கனில் அது நடக்காது. அல்பேனியாவிலிருந்து பக்கத்து நாடு எதற்கும் பயணிகள் ரயில் கிடையாது. சரயேவோவுக்கும் பெல்கிரேடுக்கும் நடுவே ஒரு காலத்தில் ஓடிய நேரடி ரயிலும் நின்றுபோய்விட்டது. வாடகைக் கார் எடுத்தால் எந்தெந்த எல்லையைத் தாண்டலாம் என்று காப்பீட்டுத் தாளில் தனித்தனியாக எழுதி வாங்க வேண்டும். ஒரு நாட்டில் எடுத்து இன்னொரு நாட்டில் விட்டால் கட்டணம் எகிறும். மெனக்கெட்டால் இதையெல்லாம் சமாளித்துவிடலாம். ஆனாலும் குழுவோடு போங்கள் என்று நான் சொல்வதற்குக் காரணம் வேறு. அந்த ஊர்களில் பார்ப்பதற்கு யார் துணையும் வேண்டியதில்லை. நடந்ததைச் சொல்லத்தான் ஆள் வேண்டும். அதுவும் ஊருக்கு ஒருவர், அந்தந்த ஊர்க்காரராக.

அக்காவும் நானும் போன வழி இது: குரோஷியாவின் டுப்ரோவ்னிக், போஸ்னியாவின் மோஸ்தார், சரயேவோ, மாண்டினீக்ரோவின் கோட்டோர், அல்பேனியாவின் டிரானா, கொசோவோவின் பிரிஸ்ரென், பிறகு வட மாசிடோனியாவின் ஸ்கோப்யே, ஓஹ்ரித். ஒரு வேனில் அடங்குகிற கூட்டம். முழுப் பயணத்துக்கும் கூடவே வந்த டூர் லீடர் ஒருவர், டிரைவர் ஒருவர். ஒவ்வொரு ஊரிலும் அந்த ஊர் வழிகாட்டி வந்து சேர்ந்துகொள்வார்.

இந்த ஏற்பாட்டின் அருமை இரண்டாவது நாட்டிலேயே புரிந்தது. டுப்ரோவ்னிக்கின் கோட்டை மதில் ஏறக்குறைய 2 கிலோமீட்டர். மேலே நடந்தால் ஊர் முழுக்க ஓட்டுக் கூரைகள். வழிகாட்டி ஓரிடத்தில் நிறுத்தி, கூரைகளின் நிறத்தைப் பார்க்கச் சொன்னார். மங்கிய மஞ்சளும் பழுப்புமாக இருப்பவை பழைய ஓடுகள். பளிச்சென்ற செம்மஞ்சள் எல்லாம் 1991-92 முற்றுகையில் குண்டு விழுந்து உடைந்தபிறகு மாற்றியவை. அதைச் சொன்னபிறகு கண்ணுக்கு வேறெதுவும் தெரியவில்லை. பளிச்சென்ற கூரைகள்தான் எங்கும். (அல்பேனியா நீங்கலாக நாங்கள் போன நாடுகளும் செர்பியாவும் அதுவரை யூகோஸ்லாவியா என்ற ஒரே நாடாக இருந்தவை.) யூகோஸ்லாவிய ராணுவம் மலைமேலிருந்து சுட்டது, செர்பியரும் மாண்டினீக்ரோக்காரரும் வந்து எங்களை அடித்தார்கள் என்றார். அவர் கதையில் குரோஷியர்கள் அடிபட்டவர்கள். அது உண்மை.

அங்கிருந்து மூன்று மணி நேரம் வேனில் போனால் மோஸ்தார். 1566-இல் துருக்கியர் ஆட்சியில் கட்டிய ஒற்றை வளைவுக் கல்பாலம், பச்சை நிற நெரெத்வா ஆற்றின் மேல். நடக்கும் கல் எண்ணெய் தடவினாற்போல வழுக்கும், அதனால் குறுக்கே வரிவரியாகக் கல்லை உயர்த்திப் பதித்திருக்கிறார்கள். அந்த வரிகளில் கால் வைத்துத்தான் ஏற வேண்டும். (ரப்பர் அடி உள்ள செருப்போ ஷூவோ இல்லாமல் இந்தப் பயணத்துக்கே கிளம்பாதீர்கள்.) 1993 நவம்பர் 9 அன்று இந்தப் பாலத்தைச் சுட்டு வீழ்த்தியது போஸ்னியாவில் வாழும் குரோஷியர்களின் படை. நேற்று அடிபட்டவர்களாகக் கேட்ட அதே இனத்தார், இன்று அடித்தவர்கள். 2004-இல் அதே வகைக் கல்லை வெட்டி எடுத்து வந்து திரும்பக் கட்டினார்கள். மோஸ்தார் வழிகாட்டி முப்பதுகளின் கடைசியில் இருந்த பெண்மணி. பாலத்தைக் காட்டி முடித்துவிட்டு, எங்கள் திட்டத்தில் இல்லாத ஓர் இடத்துக்கு நடத்திக்கொண்டு போனார்: ஊரின் பழைய உயர்நிலைப்பள்ளி. ஒரே கட்டடம், ஆனால் குரோஷியப் பிள்ளைகளுக்கு ஒரு பாடத்திட்டம், போஸ்னிய முஸ்லிம் பிள்ளைகளுக்கு இன்னொன்று. "பாலத்தைக் கட்டியாச்சு, இது இன்னும் கட்டலை" என்றார். பேருந்தில் நாற்பது பேராக வந்திருந்தால் அந்தத் தெருவுக்குள் நாங்கள் போயிருக்கவே மாட்டோம்.

இப்படியே போனது. சரயேவோவில் போஸ்னிய செர்பியப் படைகள் 1992 ஏப்ரல் முதல் 1996 பிப்ரவரி வரை ஊரை முற்றுகையிட்ட கதை. கோட்டோரில் வழிகாட்டி இளைஞர், டுப்ரோவ்னிக்கைச் சுட்ட படையில் எங்கள் ஊர் ஆட்களும் இருந்தார்கள் என்று தானாகவே சொன்னார். 2000-இல் மாண்டினீக்ரோவின் அன்றைய அதிபர் மிலோ ஜுகானோவிச் அதற்காகக் குரோஷியாவிடம் மன்னிப்புக் கேட்டதையும் சொன்னார். பிரிஸ்ரெனில் 1999 போரில் செர்பியப் படைகள் அல்பேனியர்களை ஊர் ஊராகத் துரத்தியதைக் கேட்டுவிட்டு நாலு தெரு நடந்தால், 2004 மார்ச்சில் அல்பேனியக் கும்பல் எரித்த 14-ஆம் நூற்றாண்டு செர்பியத் தேவாலயம் நிற்கிறது. யுனெஸ்கோவின் ஆபத்துப் பட்டியலில் இருக்கிறது அது. ஒவ்வொரு எல்லையைத் தாண்டும்போதும் அடித்தவரும் அடிபட்டவரும் இடம் மாறினார்கள். ஒரே வழிகாட்டி எல்லா ஊருக்கும் வந்திருந்தால் ஒரு பக்கத்துக் கதையோடு ஊர் திரும்பியிருப்போம்.

சரயேவோவை மட்டும் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும். 1914 ஜூன் 28 அன்று ஆஸ்திரிய இளவரசர் பிரான்ஸ் ஃபெர்டினாண்டைச் சுட்ட லத்தீன் பாலத்தின் முனையையும், முற்றுகையின்போது விமான நிலையத்துக்கு அடியில் தோண்டிய, கிட்டத்தட்ட 800 மீட்டர் சுரங்கத்தின் மிச்சத்தையும் எல்லாக் குழுக்களும் பார்க்கின்றன. எங்களுக்கு மனதில் நின்றது ஆற்றங்கரையில் உள்ள பழைய நகரமன்றம். 1896-இல் ஆஸ்திரியர் ஆட்சியில் திறந்தது, பிற்பாடு தேசிய நூலகமானது. 1992 ஆகஸ்ட் 25 இரவு குண்டுவீச்சில் எரிந்தது. 2014-இல் புதுப்பித்துத் திறந்தார்கள். எங்கள் குழுவில் லண்டனிலிருந்து வந்த யாழ்ப்பாணத்து அம்மா ஒருவர் இருந்தார். வாசலில் இருந்த கல்வெட்டைப் படித்துவிட்டு அவர் நகரவில்லை. வழிகாட்டி என்னவென்று கேட்டார். ஆங்கிலத்தில் தொடங்கிய அந்த அம்மா பாதியில் எங்கள் பக்கம் திரும்பித் தமிழிலேயே சொன்னார்: "1981-இல எங்கட நூலகத்தை எரிக்கேக்க எனக்குப் பன்ரெண்டு வயசு. மொட்டை மாடியில நிண்டு பாத்தனாங்கள். வானம் முழுக்கச் சிவப்பு." அக்காதான் அதை வழிகாட்டிக்கு ஆங்கிலத்தில் சொன்னாள். அந்த மனிதர் ஐம்பதைத் தாண்டியவர், முற்றுகை முழுக்க ஊருக்குள் இருந்தவர். கருகிய தாள்கள் நாள்கணக்கில் தங்கள் பால்கனியில் வந்து விழுந்ததையும், அதைக் கூட்டி அள்ளக் கை வராமல் அவருடைய அம்மா அப்படியே விட்டுவைத்ததையும் சொன்னார். பிறகு, உங்கள் நூலகத்தைத் திரும்பக் கட்டினார்களா என்று கேட்டார். "கட்டினவை. ஏடுகள் திரும்ப வரேல்ல" என்றார் அந்த அம்மா. இங்கேயும் அப்படித்தான் என்றார் அவர். இரண்டு பேரும் அன்று மதியம் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிட்டார்கள்.

இப்படிப்பட்ட பேச்சுக்கு இடம் வேண்டுமென்றால் கேட்கிற விதமும் தெரிந்திருக்க வேண்டும். முதல் நாளே டூர் லீடர் எங்களுக்கு ஒன்று சொல்லியிருந்தார்: "யார் ஆரம்பித்தது, யார் மேல் தப்பு என்று கேட்காதீர்கள். அப்போது நீங்கள் எங்கே இருந்தீர்கள் என்று கேளுங்கள்." சாப்பாட்டு மேசையில் ஒருவர் முதல் வகைக் கேள்வியைக் கேட்டார். பதில் ஒரு வரியில் முடிந்துபோனது. இரண்டாவது வகையில் கேட்டபோதெல்லாம் காபி ஆறிப்போகும் அளவுக்குப் பேச்சு நீண்டது. இன்னொன்று: கேள்விகளைக் கூட்டத்தில் கேட்காமல் நடக்கும்போது பக்கத்தில் போய்க் கேளுங்கள்.

ஆகவே டூர் தேர்ந்தெடுக்கும்போது ஓட்டலின் நட்சத்திரத்தைப் பார்ப்பதற்கு முன்னால், எந்தெந்த ஊரில் உள்ளூர் வழிகாட்டி உண்டு என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள். பதில் மழுப்பலாக வந்தால் அடுத்த கம்பெனியைப் பாருங்கள். திட்டத்தாளில் 'பார்வையிடுதல்' என்று இருப்பதற்கும் 'வழியில் காணுதல்' என்று இருப்பதற்கும் நிறைய வித்தியாசம். இரண்டாவதில் வேன் நிற்காது. கிலோமீட்டரை நம்பாமல் மணி நேரத்தைக் கேளுங்கள். சரயேவோவிலிருந்து கோட்டோர் வரைபடத்தில் கைக்கெட்டும் தூரம்தான். ஃபோச்சா தாண்டியதும் சாலை ஒடுங்கி, எல்லைக்கு அப்பால் பீவா ஆற்றுப் பள்ளத்தாக்கில் பாறையைக் குடைந்த சுரங்கப்பாதைகளுக்குள் புகுந்து புகுந்து போகும். அரை நாளுக்கு மேல் ஆகிறது. வளைவுகளில் வயிறு புரட்டுகிறவர்கள் அன்று காலை மாத்திரை போட்டுக்கொண்டு முன் இருக்கையைக் கேட்டு வாங்குங்கள். எங்கள் வேனில் தினமும் இருக்கை மாற்றி உட்கார வைத்தார்கள். அதனால் சண்டை வரவில்லை.

சிறு குழுவுக்கே உள்ள இன்னொரு சிக்கல்: குறைந்தபட்ச ஆள் சேராவிட்டால் கம்பெனி பயணத்தையே ரத்து செய்யலாம். புறப்பாடு உறுதி என்று அவர்கள் எழுத்தில் தரும்வரை, பணம் திரும்பாத விமான டிக்கெட்டை வாங்காதீர்கள். ஒரு ஊரில் இறங்கி வேறு ஊரிலிருந்து திரும்பும் பயணம் என்பதால் போக வர ஒரே டிக்கெட்டும் உதவாது. நாங்கள் டுப்ரோவ்னிக்கில் இறங்கி, ஸ்கோப்யேயிலிருந்து இஸ்தான்புல் வழியாகத் திரும்பினோம்.

இனி விசா. இந்தியப் பாஸ்போர்ட்டுக்கு இதுதான் பயணத்தின் முதுகெலும்பு. மேலே சொன்ன ஆறு நாடுகளில் ஷெங்கன் பகுதியில் (ஒரே விசாவில் சுற்றிவரக்கூடிய ஐரோப்பிய நாடுகளின் கூட்டு) இருப்பது குரோஷியா மட்டும்தான், அதுவும் 2023 ஜனவரி 1 முதல். மற்ற ஐந்தும் பலமுறை நுழையும் ஷெங்கன் விசா இருந்தால் தனி விசா கேட்பதில்லை. தங்கும் நாள் கணக்கு நாட்டுக்கு நாடு வேறு. போஸ்னியாவும் மாண்டினீக்ரோவும் 30 நாள் வரை விடுகின்றன, கொசோவோவும் வட மாசிடோனியாவும் 15 நாள். அல்பேனியா, அந்த விசாவை ஏற்கெனவே ஒருமுறையாவது பயன்படுத்தியிருக்க வேண்டும் என்கிறது. குரோஷியாவில் பயணத்தைத் தொடங்கும் திட்டம் இதனால்தான் நமக்குத் தோது. விண்ணப்பத்தில் கவனிக்க வேண்டியது இரண்டு. ஒருமுறை நுழையும் விசா கையில் வந்தால் மீதி நாடுகளில் உதவாது. ஆகவே பலமுறை நுழைவு என்று குறிப்பிட்டு, ஆறு நாடுகளின் முழுத் திட்டத்தையும் ஓட்டல் முன்பதிவையும் இணையுங்கள். அதேபோல், குரோஷியாவில் தங்கும் நாட்களுக்கு மட்டும் தேதி போட்டுக் கேட்டால் விசாவின் காலம் அதோடு முடிந்துவிடலாம். கடைசி நாட்டை விட்டுக் கிளம்பும் தேதியைத் தாண்டியும் சில நாள் விசா உயிரோடு இருக்க வேண்டும் என்பதை விண்ணப்பத்தோடு வைக்கும் விளக்கக் கடிதத்தில் ஒரு பத்தியாகவே எழுதினோம். காப்பீடும் இப்படித்தான்: ஷெங்கனுக்கென்று விற்கும் பாலிசி சரயேவோ மருத்துவமனையில் செல்லாமல் போகலாம். நாடுகளின் பெயர் பாலிசித் தாளில் இருக்கிறதா என்று படித்துப் பாருங்கள். விதிகள் மாறுகிறவை; பணம் கட்டும் முன் அந்தந்தத் தூதரகத்தின் தளத்தில் சரிபார்ப்பது அவசியம். கொசோவோவை இந்தியா நாடாக அங்கீகரிக்கவில்லை, அங்கே நம் தூதரகம் கிடையாது. பாஸ்போர்ட் தொலைந்தால் மிகவும் சிரமம்; கொசோவோவில் இருந்தவரை அதை இடுப்புப் பையிலேயே வைத்திருந்தேன்.

எல்லைச் சாவடியில் பெரும்பாலும் டிரைவர் எல்லார் பாஸ்போர்ட்டையும் வாங்கி ஜன்னல் வழியாக நீட்டுவார். நம்முடையதை மட்டும் அதிகாரி திருப்பித் திருப்பிப் பார்ப்பார். பதற வேண்டாம். விசாப் பக்கத்தில் ஒரு சிறு தாளை அடையாளமாக வைத்து, டூர் திட்டத்தையும் திரும்பும் டிக்கெட்டையும் அச்சிட்டுக் கையில் வைத்திருந்தால் போதும். நாங்கள் போனபோது முத்திரை குத்தினார்கள். 2025 அக்டோபர் 12 முதல் ஷெங்கன் எல்லைகளில் முத்திரைக்குப் பதில் விரல்ரேகையும் முகப்படமும் எடுக்கும் முறை படிப்படியாக வரத் தொடங்கியது. ஆகவே குரோஷியாவில் இறங்கிய போர்டிங் பாஸையும் ஓட்டல் ரசீதையும் பத்திரப்படுத்துங்கள். விசாவைப் பயன்படுத்தியதற்கு அல்பேனிய எல்லையில் சான்று கேட்டால் காட்டலாம். ஜூலை, ஆகஸ்டில் குரோஷியா–போஸ்னியா எல்லையில் வெயிலில் நீண்ட வரிசை நிற்கும் என்று டிரைவர் சொன்னார். மே, ஜூன் தொடக்கம், செப்டம்பர் நல்ல காலம்.

பணம்: குரோஷியா, மாண்டினீக்ரோ, கொசோவோ மூன்றிலும் யூரோ. போஸ்னியாவில் மார்க், ஒரு யூரோவுக்கு ஏறத்தாழ 2 என்று கட்டிவைத்த மதிப்பு. அல்பேனியாவில் லெக், வட மாசிடோனியாவில் டெனார். இவை மூன்றையும் நாட்டை விட்டு வெளியே வந்தபின் மாற்றுவது பெரும்பாடு, அளவாக எடுத்து அங்கேயே செலவழித்துவிடுங்கள். ஏடிஎம் திரையில் 'ரூபாயில் கழிக்கவா' என்று கேட்டால் வேண்டாம் என்று உள்ளூர்ப் பணத்தையே தேர்ந்தெடுங்கள். கழிப்பறைக்குச் சில்லறை வேண்டும். சிம் கார்டில் ஒரு எச்சரிக்கை: ஐரோப்பா முழுக்கச் செல்லும் என்று விற்கும் பல திட்டங்களில் போஸ்னியாவும் கொசோவோவும் இருக்காது.

பெட்டி சிறியதாக இருக்கட்டும். டுப்ரோவ்னிக், கோட்டோர் இரண்டின் பழைய ஊருக்குள்ளும் வேன் நுழையாது. கல் பாவிய தெருவில் நாமே தூக்கிக்கொண்டு போக வேண்டும். கோட்டோரில் மலைக்கோட்டைக்கு 1,350 படி. முழங்கால் வலிக்காரியான அக்கா கீழேயே இருந்துகொள்கிறேன் என்றாள். டூர் லீடர் அவளுக்கென்று பெராஸ்ட் ஊருக்குப் படகு ஏற்பாடு செய்து, கடலுக்குள் கல்லைக் கொட்டிக் கொட்டி உண்டாக்கிய தீவுத் தேவாலயத்தைப் பார்க்க அனுப்பிவைத்தார். சிறு குழுவில் இதெல்லாம் கேட்டால் கிடைக்கும்.

அக்கா முட்டைகூடத் தொடாத சைவம். இறைச்சி ஊர்கள் இவை, ஆனால் பட்டினி கிடக்க வேண்டியதில்லை. போஸ்னியாவில் புரெக் என்றால் கறி வைத்தது மட்டும்தான். கீரை வைத்ததற்கு ஸெல்யானித்சா, உருளைக்கிழங்குக்கு க்ரொம்பிருஷா, பாலாடைக்கட்டிக்கு சிர்னித்சா என்று கேட்க வேண்டும். மாவிலோ பூரணத்திலோ முட்டை சேர்த்திருக்கிறதா என்றும் கேட்டுக்கொள்ளுங்கள். சுட்ட சிவப்புக் குடைமிளகாயில் செய்யும் அய்வார் துவையலும் சுடச்சுட சோமுன் ரொட்டியும் இருந்தால் அக்காவுக்கு வேறு ஒன்றும் வேண்டாம். வட மாசிடோனியாவில் மண்சட்டியில் வேகவைத்த மொச்சை போன்ற பெரிய பயறு, தாவ்ச்சே கிராவ்ச்சே, வயிறு நிறையும். பயறு சூப்பில் புகையூட்டிய இறைச்சித் துண்டு கிடப்பதுண்டு, சோற்றையும் இறைச்சிச் சாற்றில் வேகவைப்பார்கள். கேட்காமல் வாங்காதீர்கள். ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவர்கள் வாழும் பகுதிகளில் 'போஸ்னோ' என்று சொன்னால் நோன்புச் சாப்பாடு: பால், முட்டை, இறைச்சி இருக்காது. மீன் மட்டும் இருக்கலாம், அதையும் வேண்டாமென்று சொல்லிவிடுங்கள். இந்த ஒரு சொல் அக்காவை ஓஹ்ரித் வரை காப்பாற்றியது.

இந்தியா என்றதும் அல்பேனியர்கள் அன்னை தெரசாவைச் சொல்கிறார்கள். அவர் 1910-இல் ஸ்கோப்யேயில் அல்பேனியக் குடும்பத்தில் பிறந்தவர். டிரானா விமான நிலையத்துக்கே அவர் பெயர்தான். அறுபதைத் தாண்டிய எங்கள் டிரைவர் சொன்னது நேருவையும், அன்றைய யூகோஸ்லாவியாவை ஆண்ட டிட்டோவையும். 1961-இல் அணிசேரா நாடுகளின் முதல் மாநாடு பெல்கிரேடில்தான் கூடியது. பள்ளிக்கூடத்தில் நேருவின் படம் இருந்தது என்றார். டிட்டோ காலத்தில் எந்த எல்லையிலும் நிற்காமல் ஸ்கோப்யே வரை ஓட்டிக்கொண்டு போன நாட்களைப் பேசும்போது மட்டும் அவர் குரல் உயரும்.

அந்தப் பெல்கிரேடையும் பார்த்துவிட ஆசைப்படுகிறவர்கள் நாடுகளின் வரிசையைப் பார்த்துத் திட்டமிட வேண்டும். கொசோவோவைச் செர்பியா தன் நிலமாகவே கருதுகிறது. அல்பேனியா வழியாகக் கொசோவோவுக்குள் போய், அங்கிருந்து நேராகச் செர்பியாவுக்குள் நுழையப் போனால், சட்டப்படி உள்ளே வரவில்லை என்று எல்லையிலேயே திருப்பி அனுப்பிவிடுவார்கள். முதலில் செர்பியா, பிறகு கொசோவோ என்று வைத்துக்கொள்ளலாம்; இல்லையேல் கொசோவோவிலிருந்து வட மாசிடோனியாவுக்கு இறங்கி, அங்கிருந்து செர்பியாவுக்கு ஏற வேண்டும். இந்தியர்களுக்கு விசா இல்லாமல் 30 நாள் என்ற செர்பியச் சலுகை 2023 ஜனவரி 1 முதல் இல்லை, ஆனால் செல்லுபடியாகும் ஷெங்கன் விசா இருந்தால் விடுகிறார்கள். எங்கள் குழுவில் இருவர் ஓஹ்ரித்தில் பயணம் முடிந்ததும் ஸ்கோப்யே போய், அங்கிருந்து பஸ் பிடித்து இப்படித்தான் பெல்கிரேடுக்குப் போனார்கள்.